கற்பனை உலகத்துக் காலச் சுவடி: எழுதும்போது சறுக்கும் இடங்கள்

மிகைபுனைவுக் கதை எழுத உட்கார்ந்தால் எங்காவது ஒரு புனிதச் சுவடி வந்துவிடும். அதுவும் காலத்தைப் பற்றிய சுவடி என்றால் எழுதுபவருக்குத் தனி உற்சாகம். நானும் ஒன்று எழுதினேன். ‘காலமே கடவுள், கடவுளே காலம்’ என்று தொடங்கும். நாலு பக்கம் தாண்டியும் அதே சுருதிதான். படித்த நண்பர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: “இதை வைத்துக்கொண்டு அந்த ஊர்க்காரர்கள் என்ன செய்வார்கள்?” என்னிடம் பதில் இல்லை.

பலரும் முதலில் சறுக்குவது இங்கேதான். காலத்தைப் பற்றிப் பழைய சமூகங்கள் எழுதி வைத்தவற்றில் நிறைய இடம் பிடிப்பது நடைமுறைக் கணக்கு. எந்த நாளில் நோன்பு, எந்தப் பருவத்தில் விதைப்பு, அடுத்த கிரகணம் எப்போது? உங்கள் சுவடிக்கும் முதலில் ஒரு வேலை கொடுங்கள். தத்துவம் அப்புறம் தானாக வந்து ஒட்டிக்கொள்ளும்.

அடுத்தது, நம் கடிகாரத்தைக் கொண்டுபோய் அங்கே மாட்டுவது. வானத்தில் இரண்டு நிலா. ஆனாலும் வாரத்துக்கு ஏழு நாள், மணிக்கு அறுபது நிமிடம்! நம் கிழமைப் பெயர்கள் சூரியன், சந்திரன், கண்ணுக்குத் தெரியும் ஐந்து கோள்கள் ஆகியவற்றிலிருந்து வந்தவை. அறுபது, பாபிலோனியரின் எண்முறை விட்டுச் சென்றது. மணி என்பதுகூட எப்போதும் ஒரே நீளமாக இருந்ததில்லை. ரோமானியர்கள் பகல் வெளிச்சத்தைப் பன்னிரண்டாகப் பிரித்தார்கள். அதனால் கோடையில் மணி நீளும், குளிர்காலத்தில் குறுகும். உங்கள் உலகத்து வானத்தை ஒருமுறை அண்ணாந்து பார்த்துவிட்டு அளவைகளை முடிவு செய்யுங்கள்.

கணக்கு சுத்தமாக வகுபடுவதும் தவறுதான். 12 மாதம், மாதத்துக்கு 30 நாள், மீதி பூஜ்யம் என்று எழுதினால் அந்த உலகத்துப் பூசாரிகளுக்கு வேலையே இருக்காது. நம் நிலவு பிறையிலிருந்து பிறைக்கு வர ஏறத்தாழ 29.53 நாள் ஆகிறது. பன்னிரண்டு பிறை சேர்ந்தால் 354 நாள். சூரிய ஆண்டுக்குச் சுமார் 11 நாள் குறைகிறது. சாக்கடல் பக்கம் கும்ரான் குகைகளில் கிடைத்த பழைய யூதச் சுருள்களில் 364 நாள் ஆண்டு ஒன்று வருகிறது. அது சரியாக 52 வாரம் என்பதால் ஒவ்வொரு திருநாளும் ஆண்டுதோறும் அதே கிழமையில் விழும். அழகான ஏற்பாடு. ஆனால் திருத்தாமல் விட்டால் முப்பது ஆண்டில் பருவம் ஒரு மாதத்துக்கு மேல் நழுவிவிடும்.

அந்த நழுவலில்தான் கதை இருக்கிறது. 1582இல் போப் கிரிகோரி நாட்காட்டியைத் திருத்தியபோது, உடனே ஏற்ற நாடுகளில் அக்டோபர் 4க்கு மறுநாள் 15 ஆனது. பிரிட்டன் ஏற்றுக்கொண்டது 1752இல். நடுவில் 170 ஆண்டுகள் கடலுக்கு இந்தப் பக்கம் ஒரு தேதி, அந்தப் பக்கம் வேறு தேதி. உங்கள் உலகத்தில் நாளைத் திருத்தும் அதிகாரம் யாரிடம் இருக்கிறது? சுவடியே திருத்தக் கூடாது என்று சொன்னால் என்ன ஆகும்?

சரி, எனக்கு மிகவும் பிடித்த தவறுக்கு வருகிறேன்: ஆயிரம் ஆண்டு கழித்தும் ஒரு எழுத்துகூட மாறாத சுவடி. கையால் படியெடுத்த எந்த நூலும் அப்படித் தப்பிப்பது அரிது. ஓலையில் புள்ளி குத்தினால் கிழியும் என்று எழுதுபவர்கள் புள்ளியை விட்டுவிடுவார்கள். எகர, ஏகாரத்துக்கும் அன்று புள்ளிதான் வேறுபாடு. ஆக, ‘கெடு வரும்’ என்பதும் ‘கேடு வரும்’ என்பதும் ஓலையில் ஒன்றுபோலவே இருக்கும். ஒரு கூட்டம் தவணைக்காகக் காத்திருக்கும், இன்னொரு கூட்டம் அழிவுக்காக. இதற்கு மேல் வில்லன் வேண்டுமா?

கட்டிய கயிறு அறுந்தால் ஓலைகளின் வரிசை கலைந்துவிடும். அந்தாதியாக எழுதியிருந்தால் கவலையில்லை. ஒரு பாட்டின் முடிவு அடுத்ததன் தொடக்கம் என்பதால் மறுபடி கோத்துவிடலாம். ஆனால் கடைசிச் சொல் முதல் பாட்டுக்கே திரும்பி மண்டலித்து முடிகிறது என்று வையுங்கள். இப்போது வரிசை தெரியும், தொடக்கம் எது என்று தெரியாது. காலத்துக்குத் தொடக்கம் உண்டா என்று பேசும் நூலுக்கே இந்த நிலைமை!

தீர்க்கதரிசனம் வரிக்கு வரி பலிப்பதைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை, வாசகர் மூன்றாம் அத்தியாயத்திலேயே கண்டுபிடித்துவிடுவார். நடந்து முடிந்தவற்றை முன்பே சொன்னதுபோல எழுதிச் சேர்க்கும் வழக்கம் பழையது. எந்த இடம்வரை கணிப்பு சரி, எங்கிருந்து பிசகுகிறது என்று பார்த்து, நூல் எழுதப்பட்ட காலத்தை ஆய்வாளர்கள் ஊகிப்பதுண்டு. உங்கள் கதையிலும் ஒரு பாத்திரம் அதைச் செய்து பார்க்கலாம்.

முழுச் சுவடியையும் கதைக்குள் கொட்டாதீர்கள். நானும் அந்த நாலு பக்கத்தைக் கிழித்துவிட்டு ஆறு பாட்டு மட்டும் வைத்திருக்கிறேன். நாலாவது பாட்டில் இருப்பது கெடுவா, கேடா என்று நானே இன்னும் முடிவு செய்யவில்லை.