பழைய மந்திர நூல் ஒன்றைக் கையால் செய்வது எப்படி?

நாடக மேடைக்கோ, கற்பனை உலகத்து விளையாட்டுக்கோ ‘ஆயிரம் வருஷத்து மந்திர நூல்’ தேவைப்பட்டால், பலரும் முதலில் எடுப்பது காப்பித்தூளும் மெழுகுவர்த்தியும்தான். தாளை நனைத்து ஓரத்தைக் கருக்கினால் புதையல் வரைபடம் மாதிரி ஒன்று வரும், அவ்வளவுதான். கை பட்ட இடம் தேய்ந்து, படாத இடம் தப்பித்திருந்தால்தான் புத்தகம் பழசாகத் தெரியும். அதனால் தாளைத் தொடும் முன் ஒரு வேலை இருக்கிறது.

1. யாருடைய நூல்?

ஐந்து வரி எழுதிக்கொள்ளுங்கள்: வைத்திருந்தவர் யார், எங்கே வைத்துப் படித்தார், எந்தப் பக்கத்தை அதிகம் புரட்டினார், எதைத் தொடவே பயந்தார், கடைசியில் நூலுக்கு என்ன ஆனது. இங்கே உதாரணத்துக்கு, ஒரு தீவின் கடல் மந்திரக்காரியை எடுத்துக்கொள்வோம். அவள் அடிக்கடி திறப்பது புயலை அடக்கும் பக்கம். கீழ் ஓரத்தில் உப்புத்தண்ணீர் ஏறிய கோடு. பின்பாதி அநேகமாகப் புதிது. இனி எல்லா அழுக்கும் இந்த ஐந்து வரிக்குக் கட்டுப்பட்டது.

2. தாள்

120 ஜிஎஸ்எம் (ஒரு சதுர மீட்டர் 120 கிராம் எடை) தாள், ஏ3 அளவில் 21 வாங்குங்கள். ஏன் ஏ3? தாளுக்கு இழை ஓட்டம் உண்டு. கடையில் கிடைக்கும் ஏ4 தாளில் அது பெரும்பாலும் நீளவாக்கில் ஓடும். அதை மடித்தால் மடிப்பு இழைக்குக் குறுக்கே விழும்; பக்கங்கள் விறைத்து நிற்கும், பசை பட்டதும் முதுகுப் பக்கம் அலையலையாக நெளியும். நீளவாக்கில் இழை ஓடும் ஏ3 தாளைப் பாதியாக வெட்டி வரும் ஏ4-ஐ மடித்தால் இழை மடிப்போடு சேர்ந்து ஓடும். சந்தேகமாக இருந்தால் தாளை இரண்டு பக்கமாகவும் மெல்ல வளைத்துப் பாருங்கள். சுலபமாக வளையும் மடிப்பின் திசைதான் இழையின் திசை.

சாயத்துக்கு 500 மி.லி. வெந்நீரில் இரண்டு மேசைக்கரண்டி இன்ஸ்டன்ட் காப்பித்தூள். ஆறவிட்டு, தட்டையான தட்டில் ஒவ்வொரு தாளாக அரை நிமிடம் நனைத்து, துணிமேல் படுக்கவைத்துக் காயவிடுங்கள். கொடியில் தொங்கவிட்டால் சாயம் கீழே வடிந்து பட்டை விழும். காய்ந்ததும் நிறம் வெளுக்கும் என்பதால் முதலில் ஒரு துண்டில் சோதனை செய்யுங்கள். லேசான ஈரம் இருக்கும்போதே குறைந்த சூட்டில் இஸ்திரி போட்டால் சுருக்கம் போகும். லேசர் அச்சு இந்தச் சாயத்தைத் தாங்கும். இங்க்ஜெட் மை கரைந்து ஓடும் என்பதால் கையெழுத்தையும் இங்க்ஜெட்டையும் சாயத்துக்குப் பிறகு வைத்துக்கொள்ளுங்கள்.

3. எழுத்து

கண்டபடி கிறுக்கினால் யாரும் நம்பமாட்டார்கள். 1404-1438 காலத் தோலில் எழுதப்பட்டதாகக் கார்பன் கணிப்பு சொல்லும் வாய்னிச் கையெழுத்துப் பிரதியை இன்றுவரை யாரும் உறுதியாகப் படித்ததில்லை. ஆனாலும் அது மொழியைப் போலத் தெரிகிறது. சில குறிகள் சொல் தொடக்கத்திலும் சில முடிவிலும் திரும்பத் திரும்ப வருவதே காரணம். தமிழை வைத்தே இதைச் செய்யலாம்: உயிர் 12, மெய் 18, ஆய்தம் 1 என 31 குறி போதும். மெய்க்குறியோடு உயிர்க்குறியை ஒட்டினால் 247 எழுத்தும் வந்துவிடும். நான்கைந்து கோட்டு வகைகளுக்குள் எல்லாக் குறியையும் அடக்குங்கள், அப்போதுதான் ஒரே குடும்பமாக இருக்கும்.

ஓரம் விட உள்பக்கம் 12, மேலே 18, வெளிப்பக்கம் 24, கீழே 36 மி.மீ. நான்கு தாளை ஒன்றாக மடித்தால் 16 பக்கம், அதாவது ஒரு ஃபாரம். அதன் வெளித்தாளில் 1, 2, 15, 16 பக்கங்கள் வரும். வெற்றுத்தாளில் ஒரு மாதிரி மடித்து எண் போட்டுப் பார்க்காமல் எழுத ஆரம்பிக்காதீர்கள். மொத்தம் 10 ஃபாரம், 160 பக்கம். புயல் மந்திரத்தை 72, 73-ல் வையுங்கள். அது ஐந்தாம் ஃபாரத்தின் நடு மடிப்பு, தாராளமாக விரியும்.

4. தையல்

மடிப்பில் மேலிருந்து 15, 55, 70, 140, 155, 195 மி.மீ. தூரத்தில் குத்தூசியால் துளையிடுங்கள். 55-70, 140-155 இடைவெளிகளில் 15 மி.மீ. அகலப் பருத்தி நாடா உட்காரும். மெழுகு தடவிய நூலை முதல் ஃபாரத்தில் 15-ல் வெளியிலிருந்து நுழைத்து, 10 செ.மீ. வாலை விட்டு, 55-ல் வெளியே வந்து நாடாவைத் தாண்டி 70-ல் உள்ளே போங்கள். 140-ல் வெளியே, 155-ல் உள்ளே, 195-ல் வெளியே. இரண்டாவது ஃபாரத்தை மேலே வைத்து அதே வழியில் திரும்பி வந்து, வாலோடு முடிச்சு. மூன்றாவதிலிருந்து ஒவ்வொரு முனையிலும் ஊசியைக் கீழேயுள்ள இரண்டு ஃபாரத்துக்கு நடுவே விட்டு, வளையத்துக்குள் இழுத்துக் கொக்கி போடவேண்டும்.

புதியவர்கள் தாளைக் கிழிப்பது இங்கேதான். நூலை உங்களை நோக்கி இழுத்தால் துளை பிளந்துவிடும். மடிப்பின் போக்கிலேயே, பக்கவாட்டில் இழுங்கள். ஒரே மூச்சில் நீளநூலும் எடுக்காதீர்கள், சிக்கும். ஒன்றரை மீட்டர் எடுத்து, தீர்ந்தால் ஃபாரத்துக்குள்ளே முடிச்சுப் போட்டு நீட்டிக்கொள்ளலாம்.

5. அட்டை

முதல், கடைசிப் பக்கத்தில் மடித்த ஏ4 தாள் ஒன்றை 4 மி.மீ. பசைக்கோட்டில் ஒட்டுங்கள். முதுகில் வெள்ளைப் பசை மெல்லிசாகப் பூசி மெல்லிய துணி. அட்டை 216 x 144 மி.மீ., இரண்டு துண்டு. முதுகுப் பட்டையின் அகலம் இரண்டு அட்டையோடு சேர்த்து அளந்த தடிமன். பட்டைக்கும் ஒவ்வோர் அட்டைக்கும் இடையே 7 மி.மீ. இடைவெளி விடாவிட்டால் நூல் திறக்காது. முதுகுப் பட்டையில் நான்கு கயிற்றுத் துண்டை ஒட்டி, அட்டைகளையும் பட்டையையும் ஒரே துணியால் போர்த்தி, அதன்மேல் சம அளவு தண்ணீர் கலந்த பசையில் கசக்கிய டிஷ்யூ தாளை ஒட்டினால் தோல் சுருக்கம் வரும். இடைவெளிப் பள்ளத்தில் மட்டும் டிஷ்யூ வேண்டாம், வெடிக்கும். கரும்பழுப்பு அக்ரிலிக் அடித்து, காய்ந்தபின் மேடுகளில் மட்டும் உலர்ந்த தூரிகையால் வெளிர்நிறம். பிறகு முன், பின் வெற்றுத்தாள்களை அட்டையில் ஒட்டி, இடையில் பிளாஸ்டிக் தாள் வைத்து, ஓர் இரவு கனத்தின் கீழ்.

கொக்கி வைக்க ஆசையா? வையுங்கள், பொருத்தமானதுதான். தோல் ஏடுகள் ஈரக்காற்றில் உப்பி விரியும். அந்தக் காலத்துக் கொக்கிகள் அவற்றை அமுக்கிவைக்கத்தான்.

6. தேய்மானம்

ஐந்து வரியை எடுங்கள். அட்டை மூலைகளையும் கயிற்று மேடுகளையும் உப்புத்தாளால் தேயுங்கள். நூலை இறுக்கி மூடி, பக்க விளிம்புகளில் கெட்டிக் காப்பியைப் பஞ்சால் ஒற்றுங்கள். பழைய நூல்களில் காற்றும் தூசியும் படும் விளிம்புதான் முதலில் கறுக்கும். 65 முதல் 80 வரை வெளிப்பக்கக் கீழ் மூலையில் கட்டைவிரல் அளவு கறை, 73-ல் அதிகம். 100-க்கு மேல் கையே வைக்காதீர்கள்.

கடைசியாக நூலை 72-ல் திறந்து, மேலே கனம் வைத்து ஓர் இரவு விடுங்கள். காலையில் மூடி, முதுகில் நிற்கவைத்து இரண்டு அட்டையையும் விட்டால் புயல் பக்கத்தில் தானாகப் பிரியவேண்டும். பிரியவில்லையா, இன்னும் ஓர் இரவு.