லோரென்ட்ஸ் என்ற பெயரும் மருந்து ஆவணத் தொகுப்பைச் சரிபார்க்கும் முறையும்

மருந்து ஒழுங்குமுறைப் பிரிவில் புதிதாகச் சேர்பவர்கள் முதல் வாரத்திலேயே கேட்கும் பெயர்களில் லோரென்ட்ஸ் என்பதும் அடங்கும். பிராங்க்பர்ட் நகரைத் தலைமையிடமாகக் கொண்டு 1989 முதல் இயங்கிவரும் இந்த ஜெர்மன் நிறுவனத்தின் டாக்குபிரிட்ஜ் என்னும் மென்பொருள், மருந்து அனுமதிக்கான ஈசிடிடி (விண்ணப்ப ஆவணங்களை அடுக்கி ஒழுங்குமுறை அமைப்புகளுக்கு அனுப்பும் பொதுவான மின்னணு வடிவம்) தொகுப்புகளை உருவாக்கவும், இவேலிடேட்டர் என்னும் மென்பொருள் அவற்றை அனுப்புவதற்கு முன் சரிபார்க்கவும் பயன்படுகின்றன.

ஜெர்மன் மொழியில் இப்பெயரின் இறுதி எழுத்து 'ட்ஸ்' என்றே ஒலிப்பதால் லோரென்ட்ஸ் என்று எழுதுவதே பொருத்தமானது. லவுரென்டியுஸ் என்ற இலத்தீன் பெயரே இதன் வேர், கி.பி. 258இல் உரோமில் உயிர்நீத்த புனிதரின் பெயர் அது. அவருடைய திருநாளான ஆகஸ்ட் 10 அன்று, 955ஆம் ஆண்டில், லெக்ஃபெல்ட் போரில் முதலாம் ஓட்டோ வென்றபின் அப்புனிதர்மீதான பக்தி ஜெர்மானிய நிலங்களில் பெருகியது. பெயரும் உடன் பரவியது. தமிழ்க் கிறித்தவர்கள் சூட்டிக்கொள்ளும் லாரன்ஸ் என்ற பெயரும் இதே வேரிலிருந்து வந்ததே. விலங்குகளின் நடத்தையை ஆராய்ந்து 1973இல் நோபல் பரிசு பெற்ற ஆஸ்திரியரான கான்ராட் லோரென்ட்ஸ் இதே எழுத்துக்கூட்டல் கொண்டவர். இயற்பியலில் லோரென்ட்ஸ் விசைக்குப் பெயர் தந்த டச்சு அறிஞரின் பெயரிலோ இறுதிக்கு முன் கூடுதலாக ஒரு 'டி' உண்டு. தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றாகிவிடும். ரோமன் எழுத்தில் ஆகா.

இந்த ஓர் எழுத்து வேறுபாட்டை முதலில் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. ஈசிடிடி தொகுப்பில் மனிதர் எளிதில் கடந்துபோகும் எழுத்து வேறுபாடுகளே பிற்காலத்தில் பெருஞ்சிக்கலாக வளர்கின்றன. எனவே தொகுப்பைச் சரிபார்க்கும் பணியைப் பெயர்களிலிருந்து தொடங்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.

முதலில் தொகுப்பின் அமைப்பை மனத்தில் இருத்திக்கொள்ளுங்கள். முதல் பிரிவு அந்தந்த நாட்டுக்குரிய நிருவாக ஆவணங்களையும், இரண்டாவது சுருக்கங்களையும், மூன்றாவது மருந்தின் தரம் பற்றிய தரவுகளையும், நான்காவது விலங்கு ஆய்வுகளையும், ஐந்தாவது மனிதர்களிடம் நடத்தப்பட்ட ஆய்வுகளையும் கொண்டிருக்கும். ஒவ்வொரு முறை அனுப்புவதும் நான்கு இலக்க எண் தாங்கிய ஒரு சீக்வென்ஸ். அதன் முதுகெலும்பு ஒரு எக்ஸ்எம்எல் கோப்பு. எந்த ஆவணம் எங்கே இருக்கிறது, அது புதியதா, பழையதற்கு மாற்றா, நீக்கமா என்பவற்றை அதுவே சொல்கிறது. அமெரிக்காவில் 2017 மே 5 முதல் புதிய மருந்து, பொதுப்பெயர் மருந்து, உயிரியல் மருந்து ஆகியவற்றுக்கான விண்ணப்பங்கள் இந்த வடிவில் மட்டுமே ஏற்கப்படுகின்றன.

இனிப் பெயர்களுக்கு வருவோம். மூன்றாம் பிரிவில் மூலமருந்துப் பகுதிக்கு (மருந்தில் நோயின்மீது வினைபுரியும் பொருள் பற்றிய பகுதி), பொருளின் பெயர், உற்பத்தியாளரின் பெயர் என இரண்டு பண்புக்கூறுகள், அதாவது எக்ஸ்எம்எல் கோப்பில் அப்பகுதியை அடையாளப்படுத்தும் சொற்கள், தரப்பட வேண்டும். இன்று பெரும்பாலும் பயன்பாட்டில் உள்ள ஈசிடிடி 3.2.2 பதிப்பில், ஒருமுறை அனுப்பிய பண்புக்கூறைத் திருத்த வழியில்லை. உற்பத்தியாளரின் பெயரை முதல் சீக்வென்ஸில் ஒரு விதமாகவும் மூன்றாவது சீக்வென்ஸில் ஒரு புள்ளியோ இடைவெளியோ கூட்டியும் எழுதினால், மென்பொருள் அவற்றை இரண்டு வெவ்வேறு உற்பத்தியாளர்களாகவே கொள்ளும். மதிப்பாய்வாளரின் திரையில் ஒரே மூலமருந்து இரண்டு கிளைகளாகப் பிரிந்து நிற்கும். ஜெர்மன் பெயர்களில் இந்த ஆபத்து கூடுதல். ம்யூலர் என்ற பெயரை மேற்புள்ளிகள் இட்ட 'யு' கொண்டும், அதற்கு மாற்றாக 'யு'வுக்குப்பின் 'இ' சேர்த்தும், இரண்டும் இன்றி வெறும் 'யு' கொண்டும் எழுதுவதைக் காணலாம். மூன்று பேர் மூன்று விதமாகத் தட்டச்சு செய்தால் மூன்று கிளைகள் உருவாகும். ஒரு தொகுப்பில் இத்தகைய பிளவைச் சரிசெய்ய, பழைய கிளையின் ஆவணங்கள் அனைத்தையும் நீக்கி, புதிய கிளையில் மீண்டும் சேர்க்க வேண்டியிருந்தது. ஒரு புள்ளியால் வந்த அவ்வேலையை நான் இன்றும் மறக்கவில்லை.

ஆகவே முதல் சீக்வென்ஸைத் தொடங்குமுன், பண்புக்கூறாக வரப்போகும் எல்லாச் சொற்களையும் ஒரு பட்டியலில் எழுதி, பொறுப்பாளர் ஒருவரின் ஒப்புதல் பெறுங்கள். அதன்பின் யாரும் தட்டச்சு செய்யக்கூடாது. பட்டியலிலிருந்து நகலெடுத்தே ஒட்ட வேண்டும். நிறுவனத்தின் முழுச் சட்டப்பெயரையும் முகவரியையும் பண்புக்கூறில் திணிக்காதீர்கள். சுருக்கமான பெயர் போதும். நிறுவனம் கைமாறினாலும் பண்புக்கூறு மாறாமல் நிற்க வேண்டும் என்பதே நோக்கம். நான்காம் பதிப்பில் இத்தகைய பெயர்களைப் பின்னர் திருத்த வசதி உண்டு. அமெரிக்க ஒழுங்குமுறை அமைப்பு புதிய விண்ணப்பங்களை அப்பதிப்பில் 2024 செப்டம்பர் முதல் ஏற்கிறது. ஆனால் பழைய பதிப்பில் நடைபெறும் விண்ணப்பங்கள் இன்னும் பல ஆண்டுகள் நம்மோடு இருக்கும்.

கோப்புப் பெயர்களின் விதிகள் எளியவை: சிற்றெழுத்து, எண், இணைப்புக்கோடு ஆகியவை மட்டும், நீளம் 64 எழுத்துகளுக்குள். மேற்புள்ளி எழுத்துகளுக்கு இங்கே இடமே இல்லை. கோப்புறைப் பாதையின் மொத்த நீளத்துக்கு ஐரோப்பாவில் 180 எழுத்துகளும் அமெரிக்காவில் 150 எழுத்துகளும் வரம்பு என்பதால், இரு இடங்களுக்கும் ஒரே தொகுப்பைத் தழுவி அனுப்ப எண்ணுபவர்கள் தொடக்கத்திலேயே சிறிய வரம்பைக் கடைப்பிடிப்பது நல்லது.

அடுத்து, பிடிஎஃப் கோப்புகள். கடவுச்சொல்லோ வேறு பாதுகாப்புப் பூட்டோ இருக்கக்கூடாது; எழுத்துருக்கள் கோப்பினுள்ளேயே பொதிந்திருக்க வேண்டும்; இணைப்புகள் உங்கள் கணினியின் வட்டுப்பெயரைச் சுட்டாமல் தொகுப்புக்குள்ளான சார்புப் பாதையைச் சுட்ட வேண்டும்.

இவை முடிந்தபின் சரிபார்ப்பு மென்பொருளைத் திறக்கலாம். முதல் பணி, சரியான விதித்தொகுப்பைத் தெரிவுசெய்வது. அமெரிக்க விதிகளும் ஐரோப்பிய விதிகளும் வேறு; ஒவ்வொன்றும் பதிப்பு எண்களோடு மாறிவருபவை. அனுப்பும் நாளில் நடைமுறையில் இருக்கும் பதிப்பையே தெரிவுசெய்ய வேண்டும். இரண்டாவது சீக்வென்ஸ் முதல், முந்தைய சீக்வென்ஸ்கள் அனைத்தும் அருகருகே அவற்றுக்குரிய கோப்புறைகளில் இருந்தாக வேண்டும். இல்லையெனில், பழைய ஆவணத்தை மாற்றும் ஆவணம் உண்மையிலேயே இருக்கும் ஒன்றைத்தான் சுட்டுகிறதா என்று மென்பொருளால் பார்க்க இயலாது.

அறிக்கையில் அமெரிக்க விதிகள் பிழைகளை உயர், நடுத்தர, குறைந்த எனத் தரம்பிரிக்கும். உயர்நிலைப் பிழை இருந்தால் தொகுப்பு மேற்கொண்டு செல்லாது. மீண்டும்தான் அனுப்ப வேண்டும். ஐரோப்பிய விதிகளில் கட்டாய விதிகளும், நல்வழக்கம் என்ற வகையும் உண்டு. நல்வழக்க எச்சரிக்கைகளைப் பலர் படிக்காமலே விடுகின்றனர். அவையே மதிப்பாய்வாளர் ஆவணத்தை எளிதாகப் படிக்க முடியுமா என்பதைக் காட்டுபவை என்பதால், ஒவ்வொன்றையும் படித்து, திருத்த முடியாததற்குக் காரணத்தை எழுதிவைக்க வேண்டும் என்றே வலியுறுத்துவேன்.

அடிக்கடி நேரும் பிழையாக செக்சம் பொருந்தாமையைக் குறிப்பிடலாம். ஒவ்வொரு கோப்புக்கும் எம்டி5 முறையில் கணிக்கப்பட்ட 32 குறிகள் கொண்ட ஓர் எண் எக்ஸ்எம்எல்லில் பதிந்திருக்கும். தொகுப்பு வெளியிடப்பட்டபின் யாரேனும் ஒரு பிடிஎஃப் கோப்பைத் திறந்து, ஒரு காற்புள்ளியைத் திருத்திச் சேமித்தாலும் அந்த எண் மாறிவிடும். அப்போது எண்ணைக் கையால் மாற்ற முயலாமல், மூல ஆவணத்தைத் திருத்தித் தொகுப்பை மறுபடி வெளியிடுங்கள்.

சரிபார்ப்பைக் கடைசி இரவுக்கு ஒத்திவைப்பது இத்துறையின் மிகப் பரவலான கெட்ட பழக்கம். மூன்றாம் பிரிவின் ஆவணங்கள் பாதி சேர்ந்த நிலையிலேயே ஒருமுறை ஓட்டிப்பாருங்கள். ஆவணங்கள் குறைவதால் வரும் பிழைகளை அப்போது பொருட்படுத்த வேண்டாம். பெயர், பாதை, இணைப்பு ஆகியவற்றின் பிழைகள் மட்டும் கண்ணில் படட்டும்.

மென்பொருளின் மீதும் ஒரு சோதனை தேவை. மின்னணுப் பதிவுகள் குறித்த அமெரிக்க விதிமுறை 1997 முதல் நடைமுறையில் உள்ளது. அதன் கீழ் வரும் பதிவுகளைக் கையாளும் மென்பொருள் தன் பணியைச் சரியாகச் செய்கிறது என்பதற்குச் சான்று வைத்திருப்பது பயன்படுத்தும் நிறுவனத்தின் பொறுப்பு. நான் பரிந்துரைக்கும் வழி இது: பிழைகளை வேண்டுமென்றே விதைத்த ஒரு மாதிரித் தொகுப்பைத் தயாரியுங்கள். ஒரு கோப்பை நீக்கிவிடுங்கள், ஒன்றுக்குப் பூட்டு இடுங்கள், ஒன்றின் செக்சத்தை மாற்றுங்கள், ஒரு பெயரில் பேரெழுத்து சேருங்கள். மென்பொருளோ விதித்தொகுப்போ புதுப்பிக்கப்படும் ஒவ்வொரு முறையும் அந்த மாதிரியை ஓட்டி, விதைத்த பிழைகள் எல்லாம் அறிக்கையில் வருகின்றனவா என்று ஒப்பிடுங்கள். கையொப்பமிடும் சான்றில் மென்பொருள் நிறுவனத்தின் பெயர், மென்பொருளின் பெயர், அதன் பதிப்பு எண், விதித்தொகுப்பின் பதிப்பு எண் ஆகிய நான்கும் திரையில் உள்ளபடியே இருக்க வேண்டும். லோரென்ட்ஸ் என்பதில் டச்சு அறிஞரின் 'டி' சேர்ந்துவிடாமல் பாருங்கள். தணிக்கையாளர் முதலில் ஒப்பிடுவது பெயரைத்தான்.

பிழையே இல்லாத அறிக்கை வந்த பிறகும், தொகுப்பை ஒரு பார்வை மென்பொருளில் திறந்து, மூன்றாம் பிரிவின் கிளைகளை ஒவ்வொன்றாக எண்ணிப்பாருங்கள். தவறான பிரிவில் இடம்பெற்ற சரியான கோப்பையும், இரண்டாகப் பிளந்த உற்பத்தியாளரையும் விதித்தொகுப்பு பிழையெனச் சொல்லாமல் விடக்கூடும். ஒப்புதல் பெற்ற பெயர்ப்பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு, திரையிலுள்ள ஒவ்வொரு பண்புக்கூறையும் எழுத்தெழுத்தாக ஒப்பிட்டு, பட்டியலில் குறியிட்ட பின்னரே மின்வாயிலில் ஏற்றுங்கள்.