மூடுபனியில் ஃபாக் லைட்: எப்போது போடுவது, எப்போது அணைப்பது

ஃபாக் லைட் போட்டால் மூடுபனியில் தூரத்தில் வருவதெல்லாம் தெரியும் என்று பலர் நினைக்கிறார்கள். அது அந்த வேலைக்கான விளக்கே அல்ல. பம்பரில் தாழ்வாகப் பொருத்தியிருப்பதால் வெளிச்சம் அகலமாக, தரையை ஒட்டிப் பரவும். வண்டிக்கு முன்னால் கொஞ்ச தூரமும் சாலையோரக் கோடும் தெரியும். பனியில் அந்தக் கோடு தெரிவதே பெரிய விஷயம்.

முதலில், வண்டி நிற்கும்போதே சுவிட்சைத் தேடிப் பழகிக்கொள்ளுங்கள். முன் ஃபாக் லைட் போட்டால் டாஷ்போர்டில் பச்சைக் குறி வரும்: இடப்பக்கம் சாய்ந்த கோடுகள், குறுக்கே ஒரு நெளிகோடு. பின் ஃபாக் லைட்டுக்கு ஆரஞ்சு நிறம், கோடுகள் வலப்பக்கம் இருக்கும். கிளம்பும் முன் விளக்குகளில் படிந்த சேற்றைத் துடைத்துவிடுங்கள். முன் கண்ணாடியின் உள்பக்கம் ஆவி படிந்தால் ஏசியோடு டிஃபாகரைப் போடுங்கள்.

அடுத்தது லோ பீம், அதாவது ஹெட்லைட்டின் தாழ்ந்த வெளிச்சம். இதைக் கையால்தான் போட வேண்டும், சுவிட்சை 'ஆட்டோ'வில் விட்டுவிடாதீர்கள். ஆட்டோவில் ஹெட்லைட்டைப் போடும் சென்சார் அளப்பது வெளிச்சத்தை, பனியை அல்ல. பகல் நேரப் பனி வெள்ளை வெளேரென்று இருப்பதால் ஹெட்லைட் தேவையில்லை என்று அது முடிவுசெய்துவிடும். முன்னால் டிஆர்எல் (பகலில் தானாக எரியும் விளக்கு) எரியும், டாஷ்போர்டும் பளிச்சென்று இருக்கும், ஓட்டுபவருக்கு எல்லா விளக்கும் எரிவதாகவே தோன்றும். ஆனால் பல கார்களில் டிஆர்எல் மட்டும் எரியும்போது டெயில் லைட் எரியாது. பின்னால் வருபவருக்கு உங்கள் வண்டி இருப்பதே தெரியாது. ஒரு பகல் பொழுதில் வண்டியை ஓரங்கட்டி, சுவிட்சை ஆட்டோவில் வைத்து, இறங்கிப் பின்பக்கம் போய்ப் பாருங்கள். சிவப்பு விளக்கு எரியவில்லையா? அப்படியானால் பனியில் லோ பீமை நீங்களேதான் போட்டாக வேண்டும்.

ஹை பீம் வேண்டவே வேண்டாம். நீர்த்துளிகளில் பட்டு வெளிச்சம் கண்ணுக்கே திரும்பி, எதிரே வெள்ளைச் சுவர்தான் தெரியும்.

சரி, இப்போது ஃபாக் லைட். 100 மீட்டருக்கு அப்பால் எதுவும் தெரியவில்லை என்றால் முன், பின் இரண்டையும் போடலாம். பின் விளக்கில் மட்டும் கூடுதல் கவனம் வேண்டும். அது பிரேக் லைட் அளவுக்குப் பிரகாசமானது. பின்னால் ஒரு வண்டி நெருங்கி வந்துவிட்டால் அவர் கண் கூசும், நீங்கள் பிரேக் பிடிப்பதும் அவருக்குச் சட்டென்று புரியாது. அப்போது அணைத்துவிடுங்கள். பனி விலகியதும் எல்லா ஃபாக் லைட்டையும் அணைத்தே ஆக வேண்டும், ஈரச் சாலையில் அந்த வெளிச்சம் பிரதிபலித்து எதிரே வருபவரைத் திணறடிக்கும்.

ஓடும்போது ஹசார்ட் லைட் (எல்லா இண்டிகேட்டரும் சேர்ந்து மின்னுவது) போடாதீர்கள். நீங்கள் நிற்கிறீர்களா, திரும்புகிறீர்களா என்று யாருக்கும் தெரியாது.

விளக்கு எரிகிறது என்பதற்காக வேகத்தைக் கூட்டவும் கூடாது. 80 கி.மீ. வேகத்தில் போகும் கார் காய்ந்த சாலையிலேயே நிற்க, நாம் சுதாரிக்கும் நேரத்தையும் சேர்த்து, சுமார் 53 மீட்டர் ஆகும். கண்ணுக்கு 40 மீட்டர்தான் தெரிகிறது என்றால் அந்த வேகம் ஆபத்து.

பின்சேர்க்கை: மஞ்சளா வெள்ளையா என்று நிறையப் பேர் கேட்கிறார்கள். பனித்துளிகள் ஒளியின் அலைநீளத்தைவிட மிகப் பெரியவை, அதனால் மஞ்சள் வெளிச்சம் பனியைத் துளைத்துக்கொண்டு போகாது. கண் கூச்சம் குறைவாகத் தோன்றுவதால் எனக்கு மஞ்சள்தான் பிடிக்கும். ஹாலஜன் கூட்டுக்குள் எல்இடி பல்பு மாட்டுவதை மட்டும் தவிர்த்துவிடுங்கள், வெளிச்சம் மேலே சிதறும்.

எதிரே வருபவர்கள் அடிக்கடி லைட் அடித்துக் காட்டுகிறார்களா? சமதரையில் சுவருக்கு 7.5 மீட்டர் தள்ளி வண்டியை நிறுத்துங்கள். ஃபாக் லைட் வெளிச்சத்தின் மேல் விளிம்பு, விளக்கின் மையம் இருக்கும் உயரத்தைவிட சுமார் 10 செ.மீ. கீழே விழ வேண்டும். மேலே இருந்தால் விளக்கின் திருகைத் திருப்பி இறக்குங்கள். டயரில் காற்று சரியாக இருக்கட்டும், ஓட்டுநர் இருக்கையில் ஒருவர் உட்கார்ந்திருக்கட்டும், இல்லையென்றால் அளவு மாறிவிடும்.