ஆட்கொணர்வு மனு வந்தபோது நாங்கள் செய்தது

காரைக்குடியில் வீட்டார் சம்மதமில்லாமல் கல்யாணம் செய்துகொண்டோம். கணவர் வீட்டில் என்னை அடைத்து வைத்திருப்பதாக, உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் அப்பச்சி (என் அப்பா) ஆட்கொணர்வு மனு போட்டுவிட்டார். அடைத்து வைக்கப்பட்டவரை நீதிமன்றத்தில் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லிக் கேட்கும் மனு அது. எங்காவது வெளியூர் போய்விடுங்கள் என்றுதான் பலரும் சொன்னார்கள். நேரில் போய் நிற்பதே பாதுகாப்பு என்றார் எங்கள் வக்கீலம்மா. அதுதான் சரி என்று இன்றும் சொல்வேன்.

வயதுக்குப் பத்தாம் வகுப்பு மதிப்பெண் சான்றிதழ், திருமணப் பதிவுச் சான்றிதழ், பாதுகாப்புக் கேட்டு எஸ்.பி. அலுவலகத்தில் கொடுத்த மனுவின் ரசீது எல்லாம் கையில் இருந்தன. எங்களுடையது சுயமரியாதைத் திருமணம். இந்து திருமணச் சட்டத்தில் தமிழ்நாடு 1967-இல் சேர்த்த 7ஏ பிரிவின்படி அது செல்லும். வயது வந்த இருவர் மனமொத்து மணந்தால் குடும்பத்தின் சம்மதம் தேவையில்லை என்று 2018-இல் சக்தி வாகினி வழக்கில் உச்ச நீதிமன்றமும் சொல்லியிருக்கிறது.

நீதிபதி என்னிடம் நேரடியாகக் கேட்டார்: "யாரோடு போக விரும்புகிறீர்கள்?"

"என் கணவரோடு, ஐயா." குரல் நடுங்கியது, ஆனால் தெளிவாகச் சொன்னேன். மனுவை முடித்து வைத்தார்கள்.

வராந்தாவில் அப்பச்சி என் முகத்தைப் பார்க்காமல், "சாப்பிட்டியா ஆத்தா?" என்றார். பேச்சுவார்த்தை அங்கிருந்துதான் தொடங்கியது.

வக்கீலுக்குக் காசில்லையே என்று தயங்கும் பெண்கள் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். வருமானம் எவ்வளவு இருந்தாலும் பெண்களுக்கு அங்கே இலவசமாக வக்கீல் வைத்துத் தருவார்கள்.