கேவன்காரர் ‘ஹவ்ஸ் ஷீ கட்டின்?’ என்றால் என்ன பதில் சொல்வது?

அயர்லாந்துக்கு வருபவர்களுக்கு விசா, வாடகை வீடு, வங்கிக் கணக்கு பற்றியெல்லாம் வழிகாட்ட நிறையப் பேர் இருக்கிறார்கள். நான் இந்தப் பதிவை ஒரே ஒரு வாக்கியத்துக்காக எழுதுகிறேன். கேவனில் குடியேறிய முதல் சில மாதங்களில் என்னை மிகவும் திணறடித்தது அதுதான். அலுவலகத்தில் நாள் முழுக்க ஆங்கிலத்தில்தான் வேலை செய்கிறேன். ஆனால் மாலையில் வேலியோரம் நின்று பக்கத்து வீட்டுப் பெரியவர் மூன்றே சொற்களில் ஒன்றைக் கேட்டால் எனக்குப் பதில் வராது. அந்த மூன்று சொற்கள்: ‘ஹவ்ஸ் ஷீ கட்டின்?’ சொல்லுக்குச் சொல் பார்த்தால், ‘அவள் எப்படி வெட்டுகிறாள்?’

படி 1: இது எந்த ஊர்ப் பேச்சு

கேவன், மோனஹன் கவுன்டிகளிலும் அவற்றை ஒட்டிய லீட்ரிம், லாங்ஃபோர்ட் பக்கமும் இதைக் கேட்கலாம். கேவன் பழைய அல்ஸ்டர் மாகாணத்தைச் சேர்ந்தது. அந்த மாகாணத்தின் ஒன்பது கவுன்டிகளில் ஆறு வட அயர்லாந்தில் இருக்கின்றன. கேவன், மோனஹன், டொனிகால் மூன்றும் அயர்லாந்துக் குடியரசில் இருக்கின்றன. அதனால் இங்கே பேச்சில் வடக்கின் சாயல் உண்டு.

டப்ளினில் இதைச் சொல்லிப் பார்க்காதீர்கள். அங்கே அது கிராமத்தாரைப் போலப் பேசிக் காட்டுவதாகத்தான் படும். டப்ளின்காரர் ‘வாட்ஸ் த ஸ்டோரி?’ என்பார். பெல்ஃபாஸ்ட்டில் ‘வாட் அபௌட் யே?’ என்பார்கள், அவசரத்தில் அது ‘பௌட் யே’ ஆகிவிடும். கார்க் நகரில் ‘வெல், பாய்’ என்று சொல்லி முடித்துவிடுவார்கள். ஆளுக்கு ஆள், ஊருக்கு ஊர் வேறுபடும் விஷயம் இது.

படி 2: காதைப் பழக்குங்கள்

எழுத்தில் பார்த்தால் எளிது. காதில் விழும்போது மூன்று சொல்லும் ஒரே மூச்சில் ஒட்டிக்கொண்டு வரும். கடைசி ‘ங்’ வராது, ‘ன்’ மட்டும்தான். ‘கட்’ என்பதில் உள்ள உயிரொலி நம் ‘கட்டை’யில் இருப்பது போல அகலமாக இராது, கொஞ்சம் ‘கொ’ பக்கம் சாயும். கூடவே தலை ஒரு பக்கமாக லேசாகச் சாயும். அந்தத் தலையசைப்பையும் சேர்த்துக் கவனியுங்கள். சொல் புரியாவிட்டாலும் இது நலம் விசாரிப்புதான் என்று அது காட்டிக்கொடுத்துவிடும்.

இதற்குக் காணொளிகளை நம்ப வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. ‘ஐரிஷ் வழக்குச் சொற்கள் ஐம்பது’ என்ற வகைக் காணொளிகள் எல்லா ஊர்ப் பேச்சையும் ஒரே சட்டியில் போட்டுக் கிளறுகின்றன. அதற்குப் பதில் உள்ளூர் வானொலியைக் கேளுங்கள். இந்தப் பகுதிக்கு நார்தர்ன் சவுண்ட் இருக்கிறது. வானிலை, கால்நடைச் சந்தை, மரண அறிவித்தல் என்று தினமும் அரை மணி நேரம் காதில் ஓடினால் போதும், இந்த ஊரின் ராகம் பிடிபட்டுவிடும். நான் அப்படித்தான் பழகினேன். ஐரிஷ் மொழிச் சொற்களின் ஒலிப்பு வேண்டுமென்றால் டியாங்லன் என்ற இணைய அகராதி நல்லது. மூன்று வட்டாரங்களின் குரல்பதிவும் அதில் தனித்தனியே இருக்கிறது.

படி 3: அந்த ‘அவள்’ யார்?

நான் தடுக்கி விழுந்த இடம் இது. பொறுமையாகப் படியுங்கள்.

நாங்கள் வந்த இரண்டாவது மாதம் என் மனைவிக்குப் பித்தப்பை அறுவை சிகிச்சை நடந்தது. நான்காம் நாள் மாலை, மழைத் தூறலில், பக்கத்து வீட்டுப் பெரியவர் டிராக்டரை எங்கள் வாசலருகே மெதுவாக்கி, ‘ஹவ்ஸ் ஷீ கட்டின்?’ என்றார். ‘ஷீ’ என்றால் என் மனைவி, ‘கட்’ என்றால் அறுவை என்றே எடுத்துக்கொண்டேன். யார் சொல்லி இவருக்குத் தெரிந்தது என்று நெஞ்சு நெகிழ்ந்துபோனது. தையல் போட்டது, முந்தின இரவு காய்ச்சல் வந்தது, அவள் கஞ்சி மட்டுமே குடிப்பது எல்லாவற்றையும் சொன்னேன். ஊரைவிட்டு வந்த பிறகு யாரிடமும் அவ்வளவு பேசியதில்லை.

அவர் டிராக்டரை நிறுத்தினார். மழையில் தொப்பி நனைய முழுவதையும் கேட்டார். ‘காட் லவ் ஹர்’ என்று மெல்லச் சொல்லிவிட்டுப் போனார். மறுநாள் காலை வாசலில் சோடா ரொட்டி ஒன்று, துணியில் சுற்றி வைக்கப்பட்டிருந்தது.

அவர் கேட்டது என் மனைவியைப் பற்றி அல்ல என்பது பல வாரங்கள் கழித்து, உடன் வேலை செய்பவர் விளக்கியபோதுதான் தெரிந்தது. இதில் ‘ஷீ’ எந்தப் பெண்ணும் இல்லை. உங்கள் வேலை, உங்கள் நாள், உங்கள் பாடு எல்லாவற்றையும் சேர்த்துத்தான் அந்த ‘அவள்’. இங்கே டிராக்டரும் ‘அவள்’தான், படகும் ‘அவள்’தான்.

அஃறிணை என்று ஒன்றை வைத்திருக்கும் நமக்கு இது எளிதில் உறைக்காது. ஐரிஷ் மொழியில் பெயர்ச்சொற்கள் எல்லாம் ஆண்பால் அல்லது பெண்பால்; நம் ஒன்றன்பால் போல மூன்றாவது கிடையாது. படகைக் குறிக்கும் ‘பாட்’ என்ற ஐரிஷ் சொல் இலக்கணப்படி ஆண்பால். ஆனாலும் படகைச் சுட்டிப் பேசும்போது ‘அவள்’ என்றே சொல்வார்கள்.

சரி, எதை வெட்டுகிறாள்? என் உடன் வேலை செய்பவர் டர்ஃப் என்பார். சதுப்பு நிலத்தில் பல்லாயிரம் ஆண்டுகளாகப் படிந்து இறுகிய கரிமண் அது. ஸ்லேன் என்று ஒரு மண்வெட்டி உண்டு, பக்கவாட்டில் சிறகு போலத் தகடு நீட்டியிருக்கும். அதைக் கொண்டு செங்கல் வடிவில் வெட்டி, கோடைக் காற்றில் உலர்த்தி, குளிர்காலத்தில் அடுப்பில் எரிப்பார்கள். பக்கத்து வீட்டுப் பெரியவரோ, வைக்கோலுக்குப் புல் அறுக்கும் இயந்திரத்தைச் சொல்வது அது என்பார். எப்படிப் பார்த்தாலும் கேள்வி ஒன்றுதான்: வெட்டு தடையில்லாமல் விழுகிறதா?

இதை எனக்குள் பதியவைத்தது நம் ஊர் வாக்கியம் ஒன்று. ‘எப்படி இருக்கிறீர்கள்?’ என்றால், ‘ஏதோ வண்டி ஓடுகிறது’ என்று சொல்வோம் அல்லவா? யாரும் எந்த வண்டி, டீசலா பெட்ரோலா என்று கேட்பதில்லை. அந்த வண்டிதான் இந்த ‘ஷீ’. இது விளங்கிய நாளிலிருந்து எனக்குத் தடுமாற்றம் இல்லை.

படி 4: பதில்

‘நாட் டூ பேட்’ என்றால் போதும். எப்போதும் பொருந்தும், யாருக்கும் பொருந்தும். ‘டிப்பின் அவே’ என்பது எனக்கு மிகப் பிடித்தது. ‘ஏதோ ஓடுகிறது’ என்பதற்கு இதைவிட நெருக்கமாக ஒன்று கிடைக்காது.

‘கிராண்ட்’ என்றும் சொல்லலாம். ஆனால் நாம் ‘கல்யாணம் கிராண்டாக நடந்தது’ என்கிற பொருளில் அல்ல. இங்கே கிராண்ட் என்றால் பரவாயில்லை, சரி, போதும், அவ்வளவுதான். என் மேலாளர் என் அறிக்கையைப் பார்த்து ‘கிராண்ட்’ என்றபோது பெரிய பாராட்டு என்று வீட்டில் சொல்லிவிட்டேன். அவர் சொன்னது ‘சரி, வைத்துவிட்டுப் போங்கள்’ என்பதுதான்.

‘எக்ஸலண்ட்’, ‘ஃபென்டாஸ்டிக்’ வேண்டாம். இந்த ஊரில் தன் நலத்தை உரக்கச் சொல்வது பெருமையடிப்பதாகப் படும். ‘சாப்பிட்டீர்களா?’ என்றால் நாம் என்ன குழம்பு, என்ன பொரியல் என்று ஒப்பிப்பதில்லையே. அதே அளவில் இதையும் வையுங்கள்.

படி 5: திருப்பிக் கேளுங்கள்

பதிலோடு ‘யுவர்செல்ஃப்?’ என்று சேர்த்துவிடுங்கள். பள்ளியில் படித்த ஆங்கிலப்படி ‘அண்ட் யூ?’ என்றுதான் வாய்க்கு வரும். அது தப்பில்லை, ஆனால் இங்கே கொஞ்சம் விறைப்பாக ஒலிக்கும். ஐரிஷில் ‘டூ ஃபேன்’ என்று அழுத்தம் கொடுத்துச் சொல்லும் வழக்கம் அப்படியே ஆங்கிலத்துக்கும் வந்திருக்கிறது. அவர் ‘நாட் எ பாதர்’, அதாவது ஒரு குறையும் இல்லை, என்பார். நடையை நிறுத்தவே வேண்டியதில்லை.

படி 6: நீங்களே முதலில் சொல்லலாமா?

சொல்லலாம், அவசரப்பட வேண்டாம். அவர்கள் உங்களிடம் பலமுறை சொல்லி, நீங்கள் இயல்பாகப் பதில் தந்து பழகிய பிறகு சொல்லுங்கள். அவர்கள் உச்சரிப்பைப் போலி செய்யாதீர்கள். உங்கள் குரலிலேயே சொல்லுங்கள். வயது இங்கே தடையில்லை. எழுபது வயதுப் பெரியவரையும் பெயர் சொல்லித்தான் அழைக்கிறார்கள். எனக்கு அது இன்னும் நாக்கில் வரவில்லை என்பதால் பெயரை விட்டுவிட்டு இந்த விசாரிப்பை மட்டும் சொல்கிறேன். அவரும் அதை மகிழ்ச்சியோடு ஏற்கிறார்.

நேர்முகத் தேர்விலும் மருத்துவர் முன்னிலையிலும் வேண்டாம். துக்க வீட்டில் கண்டிப்பாக வேண்டாம். அங்கே சொல்வது ‘சாரி ஃபார் யுவர் ட்ரபிள்’. கையைப் பிடித்து இதை மட்டும் சொல்லிவிட்டு நகர வேண்டும்.

சேர்க்கை 1: செவிலியராக வந்திருக்கும் சகோதரி ஒருவர், ஆண்கள் தன்னைப் பார்த்து ‘ஷீ’ என்று சொல்வது தன்னைப் பற்றியா என்று வருத்தத்தோடு கேட்டிருந்தார். இல்லை. பெண்ணிடம் கேட்டாலும் ஆணிடம் கேட்டாலும் அதே ‘ஷீ’தான். உங்களைக் குறித்த பேச்சு அல்ல, மனம் நோக வேண்டாம்.

சேர்க்கை 2: ‘எனி கிராக்?’ என்று மேற்பார்வையாளர் கேட்டார், போதைப் பொருளா என்று பயந்துவிட்டேன் என்று ஒரு தம்பி எழுதியிருந்தார். ஒலி ஒன்றுதான், பொருள் வேறு. பேச்சு, செய்தி, கலகலப்பு எல்லாம் சேர்ந்தது இந்தக் கிராக். ஸ்காட்லாந்து, வட இங்கிலாந்துப் பேச்சிலிருந்து அல்ஸ்டருக்கு வந்து, ஐரிஷ் எழுத்துக்கூட்டலைப் போட்டுக்கொண்டு ஆங்கிலத்துக்கே திரும்பிய சொல். நம் ‘என்ன விசேஷம்?’ என்பதற்கு நேர். விசேஷம் எதுவும் இல்லையென்றால் ‘நாட் மச்’ என்று சொல்லுங்கள் தம்பி.

சேர்க்கை 3: உண்மையிலேயே நிலைமை மோசமாக இருந்தால் என்ன சொல்வது என்று இருவர் கேட்டிருக்கிறார்கள். ‘ஐ ஹேவ் பீன் பெட்டர்’ என்று சொல்லிவிட்டு அதோடு நிறுத்துங்கள். அவசரத்தில் இருப்பவர் தலையசைத்துவிட்டுப் போவார். கேட்க நேரமும் மனமும் உள்ளவர் டிராக்டரை நிறுத்துவார். அப்போது எல்லாவற்றையும் சொல்லுங்கள்.