பனைகளைக் காத்த 14 நாட்கள்

ஐயா விட்டுச்சென்ற 8 பரப்புக் காணி இன்னும் பிரிக்கப்படவில்லை. அண்ணன் கிணற்றடிப் பனைகளில் இரண்டைத் தறித்து அத்திவாரமும் வெட்டத் தொடங்கிவிட்டார். வெட்டிய மண் கிணற்றுக்கட்டில் குவிந்து கிடந்தது. நெஞ்சு பதறியது.

பாகப்பிரிவினை வழக்குப் போட்டால் எல்லாம் நின்றுவிடும் என்று நம்பியது என் பிழை. வழக்கைக் காணிப் பதிவகத்தில் பதிவது பங்கை விற்பதைத்தான் தடுக்கும், மண்வெட்டியைத் தடுக்காது. அதற்குத் தனி விண்ணப்பம் வேண்டும். காணி உறுதி, நில அளவைப் படம், திகதியிட்ட புகைப்படங்கள், சத்தியக் கடதாசி ஆகியவற்றோடு மாவட்ட நீதிமன்றம் போனோம். அண்ணன் தரப்பைக் கேட்குமுன்பே, வேலையை உடனே நிறுத்தும் தற்காலிகத் தடுப்புக் கட்டளை கிடைத்தது. முதல் தடவை அது 14 நாட்களுக்கு மேல் செல்லாது; திகதியைத் தவறவிட்டால் தடையும் போய்விடும். தவணைதோறும் போய் நீடித்தோம். விசாரணைக்குப் பின், வழக்கு முடியும்வரை நிற்கும் இடைக்காலத் தடையுத்தரவு வந்தது. மிச்சப் பனைகள் நிற்கின்றன.