மிகுபுனைவு உலகுக்கு நாட்காட்டி அமைப்பது எப்படி?

கற்பனை உலகுக்கு நாட்காட்டி அமைக்க உட்காருபவர்களில் பலர் முதலில் மாதப் பெயர்களைத் தேடத் தொடங்குகிறார்கள். நானும் அப்படித்தான் தொடங்கினேன். பன்னிரண்டு அழகான பெயர்களைச் சூட்டி முடித்த பிறகு, முழுநிலவு இரவில் கொலை நடந்து ஒன்பது நாள் ஆனபின், மறுபடியும் முழுநிலவு வெளிச்சத்தில் சாட்சியை ஆற்றங்கரைக்கு வரவழைத்திருந்தேன். படித்துப் பார்த்த நண்பர் பக்கத்தின் ஓரத்தில் ஒரு கேள்விக்குறியை மட்டும் போட்டுத் திருப்பித் தந்தார். ஆகவே பெயர்கள் கடைசியில் வரட்டும். முதலில் தேவைப்படுபவை இரண்டு எண்கள்: ஆண்டுக்கு எத்தனை நாள், ஒரு முழுநிலவிலிருந்து அடுத்த முழுநிலவுக்கு எத்தனை நாள்.

இந்த இரண்டும் ஒன்றையொன்று மீதியின்றி வகுக்காதபடி பார்த்துக்கொள்ளுங்கள். நம் பூமியின் பருவ ஆண்டு ஏறத்தாழ 365.2422 நாள், பிறைச் சுழற்சி 29.53 நாள். பன்னிரண்டு சுழற்சிகள் சேர்ந்தால் 354 நாள்தான் ஆகிறது, ஏறக்குறைய 11 நாள் குறைகிறது. அந்தக் குறையை என்ன செய்வது என்பதில்தான் மனிதர்களின் நாட்காட்டிகள் பிரிந்தன. இஸ்லாமிய நாட்காட்டி நிலவையே பிடித்துக்கொண்டதால், அதன் மாதங்கள் ஏறக்குறைய 33 ஆண்டுகளில் எல்லாப் பருவங்களையும் சுற்றிவருகின்றன. பாபிலோனியர்களும் யூதர்களும் 19 ஆண்டுகளுக்கு ஏழு மாதங்களைக் கூடுதலாகச் செருகி, நிலவையும் பருவத்தையும் சேர்த்துக் கட்டினார்கள். ஜூலியன் நாட்காட்டி நிலவைக் கைவிட்டுச் சூரியனோடு நின்றது. உங்கள் மக்கள் இவற்றில் எதைத் தேர்ந்தார்கள் என்பதை, அவர்கள் உழவர்களா, கடலோடிகளா, மேய்ப்பர்களா என்பதை வைத்து முடிவு செய்யலாம்.

ஓர் உலகை எடுத்துக் கணக்கிட்டுப் பார்ப்போம். ஆண்டு 340.25 நாள், பிறைச் சுழற்சி 26 நாள். பதின்மூன்று மாதங்களுக்கு 338 நாள் போக, ஆண்டுதோறும் 2.25 நாள் மிஞ்சும். இருபத்துமூன்று ஆண்டுகளில் அந்த மிச்சம் 51.75 நாள் ஆகும். அது கிட்டத்தட்ட இரண்டு மாதங்கள். எனவே 23 ஆண்டுகளுக்கு இரண்டு மிகை மாதங்களைச் செருகினால் கணக்கு அழகாகப் பொருந்துகிறது, ஆனால் முழுமையாக அல்ல: ஒவ்வொரு 23 ஆண்டுக்கும் நாட்காட்டி கால் நாள் நீண்டுவிடுகிறது. ஆயிரம் ஆண்டுகளில் அது ஏறத்தாழ 11 நாள் ஆகும்போது, மழை பெய்து நிலம் ஈரமாகக் கிடந்தும், விதைப்புத் திருவிழா வராததால் ஏர் பூட்டக் கூடாதென்று பூசாரிகள் தடுத்து நிற்கும் ஒரு காட்சி தானாகவே கிடைத்துவிடுகிறது.

மிகை மாதத்தை அறிவிக்கும் உரிமை யாருடையது என்பதையும் எழுதி வைத்துக்கொள்ளுங்கள், ஏனெனில் அது வெறும் கணக்கன் வேலை அல்ல. பண்டைய ரோமில் அந்த உரிமை குருமார்களிடம் இருந்தது. பதவிக்காலத்தை நீட்டவும் குறைக்கவும் அது பயன்பட்டதால் கணக்கு பருவத்தைவிட்டு வெகுதூரம் விலகிப்போனது. அதைச் சரிசெய்யவே ஜூலியஸ் சீசர் கி.மு. 46ஆம் ஆண்டை 445 நாள் நீளமாக்க வேண்டியதாயிற்று.

வாரத்தை வானம் தீர்மானிப்பதில்லை. சந்தையும் ஓய்வும் வழிபாடும் தீர்மானிக்கின்றன. பிரெஞ்சுப் புரட்சியாளர்கள் 1793இல் பத்து நாள் வாரத்தைக் கொண்டுவந்தபோது ஏழில் ஒன்றாக இருந்த ஓய்வுநாள் பத்தில் ஒன்றாகிப்போனது. அந்த நாட்காட்டி 1805இன் இறுதியோடு வழக்கொழிந்தது. உங்கள் பேரரசன் வாரத்தை மாற்றுவதானால், உழைப்பவர்கள் அதை எப்படி ஏற்றார்கள் என்று ஒரு வரியாவது எழுதுங்கள்.

பெயர்களுக்கு இப்போது வரலாம். ஒரு பெயராவது பொருந்தாமல் இருக்கட்டும். செப்டம்பர் என்பது ஏழு என்ற லத்தீன் சொல்லிலிருந்து வந்தது, ஆனால் ஒன்பதாவதாக நிற்கிறது. மார்ச்சில் தொடங்கிய பழைய ஆண்டின் தடம் அது. அண்டை நாடுகளுக்கு ஒரே நாட்காட்டியைக் கொடுத்துவிடவும் வேண்டாம். ஜூலியன் நாட்காட்டியைத் திருத்தியபோது இத்தாலியிலும் ஸ்பெயினிலும் 1582 அக்டோபர் 4க்கு மறுநாள் 15 ஆனது, பிரிட்டன் அதே திருத்தத்தை 1752இல்தான் ஏற்றது. இடைப்பட்ட காலத்தில், எழுதப்பட்ட தேதிக்கு முந்தைய தேதியில் ஒரு கடிதம் கைக்குக் கிடைக்க வாய்ப்பிருந்தது. உளவுக்கதை எழுதுபவருக்கு இதைவிட நல்ல சூழ்ச்சி அமையாது.

வயதைச் சொல்லும்போது கவனமாக இருங்கள்: ஆண்டுக்கு 500 நாள் உள்ள உலகின் இருபது வயது இளைஞர் நம் கணக்கில் 27ஐத் தாண்டியவர்.

இவ்வளவையும் மனத்தில் வைத்திருக்க முடியாது என்பதால் ஒரு விரிதாளைத் திறந்து, முதல் பத்தியில் கதையின் தொடக்க நாளிலிருந்து இடைவிடாமல் ஓடும் நாள் எண்ணை இடுங்கள். வானியலாளர்களும் கி.மு. 4713 ஜனவரி 1 நண்பகலிலிருந்து இப்படித்தான் நாட்களை எண்ணுகிறார்கள். மாதம், வாரம், பிறை எல்லாம் அந்த எண்ணிலிருந்து பிறக்கட்டும். மேலே சொன்ன உலகில் நாள் எண்ணை 26ஆல் வகுத்து மீதி 0 வந்தால் அமாவாசை, 13 வந்தால் முழுநிலவு என்று வைத்துக்கொள்ளலாம். என் கொலையை 4,329ஆம் நாளில் வைத்தேன். மீதி 13, சரியாக முழுநிலவு. ஒன்பது நாள் கழித்து 4,338. மீதி 22, தேய்ந்த பிறை, நள்ளிரவு கடந்துதான் எழும். ஆகவே சாட்சி இருட்டில்தான் ஆற்றங்கரைக்கு வர வேண்டியிருந்தது. திருத்திய படியில் அவர் கையில் ஒரு விளக்கைக் கொடுத்தேன்; அந்த வெளிச்சத்தில்தான் கொலையாளி அவரை அடையாளம் கண்டுகொண்டான்.